என்றியெத் என்று ஒரு பெயர்

பத்தொன்பது வயது வரைக்கும் என் பெயர் என்றியெத். இதைச் சொன்னால் இப்போது என்னோடு பழகுகிறவர்கள் நம்புவதில்லை. நெற்றியில் திருநீறும் வெள்ளிக்கிழமை விரதமுமாகத் திரிகிற மனிசிக்கு வேதக்காரப் பெயரா என்று சிரிக்கிறார்கள். கிறிஸ்தவர்களை எங்கள் பக்கத்தில் வேதக்காரர் என்பதுதான் வழக்கம். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். அந்தப் பெயரை வைத்துக்கொண்டு நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். விட்டபோது பட்ட பாடும் எனக்குத்தான் தெரியும்.

நான் பிறந்தபோது அப்பா முல்லைத்தீவில் ஒரு தென்னந்தோட்டத்துக்குக் காவலாக இருந்தார். யாழ்ப்பாணத்திலிருந்து பிழைப்புத் தேடி வந்த சைவக் குடும்பம் எங்களுடையது. எனக்கு முன்னால் பிறந்த இரண்டு பிள்ளைகளும் பிறந்த அன்றே போய்விட்டன. மூன்றாவதாக நான். அம்மாவுக்கு இரண்டு நாளாக நோவு. நானோ வெளியே வருகிற யோசனையே இல்லாமல் உள்ளே கிடந்தேன். மருத்துவிச்சி கையை விரித்ததும் அப்பா அம்மாவை மாட்டு வண்டிலில் கிடத்திக் கன்னியர் மடத்து மருந்துச்சாலைக்குக் கொண்டுபோனார்.

அங்கே வயதான பிரெஞ்சுக்காரச் சிஸ்ரர் ஒருவர் இருந்தார். விடியக் கொண்டுபோன அம்மாவோடு பொழுதுபடும்வரை கையைப் பிடித்தபடி நின்றாராம். ஒரு வாய் தண்ணீர் குடிக்கக்கூட நகரவில்லை என்று அம்மா சொல்வார். அந்த நோவுக்குள்ளே அம்மா நேர்த்தி வைத்தார். கோவிலில் அல்ல, அந்தச் சிஸ்ரரிடமே.

“பிள்ளை உயிரோடை வந்தால் உங்கடை பேரைத்தான் வைப்பன். பேர் என்ன எண்டு சொல்லுங்கோ அம்மா.”

சிஸ்ரர் அம்மாவின் நெற்றி வேர்வையைத் துடைத்துவிட்டாராம். பிறகு என்றியெத் என்றாராம். நான் உயிரோடு வந்தேன். பெயரும் வந்தது.

அப்பா பழுத்த சைவம். சாத்திரியார் நட்சத்திரம் பார்த்து ஓர் எழுத்துச் சொல்லி, அதில் தொடங்குகிற நான்கு பெயர்களும் எழுதிக் கொடுத்திருந்தார். அப்பா அந்தக் கடுதாசியை மடித்து அலுமாரிக்குள் வைத்துவிட்டுப் பதிவுகாரரிடம் போய் என்றியெத் என்று பதிந்தார். நேர்த்தி என்றால் நேர்த்திதான். கொடுத்த வாக்கை மாற்றினால், கொடுத்ததை எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள் என்று எங்கள் சனத்துக்கு ஒரு பயம். முன்னுக்கு இரண்டு பிள்ளைகளைப் பறிகொடுத்த வீட்டில் அந்தப் பயம் எவ்வளவு இருந்திருக்கும் என்று நான் சொல்லத் தேவையில்லை.

எனக்குப் பத்து வயதானபோது அப்பாவுக்குத் தர்மபுரக் குடியேற்றத்தில் காணி கிடைத்தது. காடு வெட்டி, வேலி போட்டு, நெல் விதைத்தோம். அங்கே பெயர் இன்னும் பெரிய கரைச்சலாகப் போய்விட்டது. முல்லைத்தீவிலாவது தெருவுக்கு நாலு வேதக்கார வீடு இருந்தது. இங்கே சுற்றிவரச் சைவம். பள்ளிக்கூடத்தில் இடாப்புக் கூப்பிடும்போது என் பெயர் வந்ததும் வாத்தியார் தொண்டையைச் செருமுவார். பிள்ளைகள் அதற்காகவே காத்திருந்து சிரிப்பார்கள். இரண்டு பேருக்கு நான் நன்றாகச் சாத்தியும் இருக்கிறேன்.

பிள்ளையார் கோவிலில் அர்ச்சனைக்குப் போனால் ஐயர், “பேர்?” என்பார்.

“என்றியெத்.”

ஐயர் பிள்ளையாரைப் பார்ப்பார், என்னைப் பார்ப்பார், கூரையைப் பார்ப்பார். “நட்சத்திரத்தைச் சொல்லும் பிள்ளை, அது காணும்,” என்று சொல்லிவிட்டு மணியைத் தூக்குவார். ஒன்பது வருடத்தில் ஒருநாள்கூட அந்த மனிதர் என் பெயரைச் சாமிக்குச் சொன்னதில்லை. அம்மா மட்டும் ஒன்றையும் பொருட்படுத்தவில்லை. வயல் கரையில் நின்று ஊருக்கே கேட்க, “என்றியெத்! எடியே என்றியெத்!” என்று கூப்பிடுவார்.

ஐம்பதுகளின் கடைசியில் நான் எஸ்.எஸ்.சி. சித்தியடைந்தேன். முதல் முறையிலேயே. தமிழிலும் கணக்கிலும் திறமைச் சித்தி. எங்கள் குடியேற்றத்தில் அதுவரை ஒரு பெண்பிள்ளையும் அவ்வளவு தூரம் படித்ததில்லை. எனக்கு ரீச்சராக வேண்டும் என்று ஒரே வெறி. வேறு எதுவும் கண்ணில் படவில்லை. கரும்பலகைக்கு முன்னால் நிற்க வேண்டும், குடையும் கைப்பையுமாகப் பஸ்ஸுக்கு நிற்க வேண்டும், இதுதான் கனவு.

அப்பா ஒரு தவணை வைத்தார்.

“தைப்பொங்கல் வரைக்கும் பாப்பம். உத்தியோகம் கிடைச்சால் போ. கிடைக்காட்டி மச்சானுக்கு ஓம் எண்டு சொல்லிப்போடுவன்.”

மச்சான் என்றது அப்பாவின் தமக்கையின் மகனை. யாழ்ப்பாணத்தில் புகையிலைத் தோட்டம் செய்துகொண்டிருந்தவர். அவரில் ஒரு குறையும் இல்லை. எனக்குத்தான் அவரில் ஓர் ஆசையும் இல்லை.

அந்தக் காலத்தில் பள்ளிக்கூடங்களில் முக்கால்வாசி சமயக்காரர்களின் கையில் இருந்தன. சைவப் பள்ளிக்கூடத்துக்கு ஒரு மனேச்சர், மிசன் பள்ளிக்கூடத்துக்கு ஒரு மனேச்சர். சைவர் சைவரை எடுப்பார்கள், வேதக்காரர் வேதக்காரரை எடுப்பார்கள். அரசாங்கப் பள்ளிக்கூடம் என்றால் கொழும்பு வரைக்கும் ஆள் பிடிக்க வேண்டும். எங்களுக்குக் கொழும்பில் யாரைத் தெரியும்? ஆகவே நான் சைவப் பள்ளிக்கூடம் ஒன்றுக்கு விண்ணப்பம் எழுதினேன். எதற்கும் இருக்கட்டும் என்று முல்லைத்தீவுப் பக்கத்து மிசன் பள்ளிக்கூடம் ஒன்றுக்கும் எழுதிப் போட்டேன்.

சைவப் பள்ளிக்கூடத்திலிருந்து இரண்டு மாதமாகப் பதில் இல்லை. அப்பா வேட்டி சால்வையோடு, நெற்றி நிறையத் திருநீற்றைப் பூசிக்கொண்டு என்னையும் கூட்டிக்கொண்டு மனேச்சரின் வீட்டுக்குப் போனார். மனேச்சர் கதிரை போட்டு இருத்தினார். நல்ல மனிதர்தான். என் விண்ணப்பத்தை எடுத்து வைத்துக்கொண்டு சங்கடப்பட்டார்.

“நான் வேதக்காரப் பிள்ளை எண்டெல்லோ இதை ஒருபக்கம் வைச்சிட்டன்.”

“நாங்கள் சைவம், ஐயா,” என்றார் அப்பா.

“அது இப்ப உங்களைப் பாக்கத் தெரியுது. ஆனால் பிள்ளையளின்ரை தாய் தேப்பன் பேரைத்தானே கேப்பினம்? சைவப் பள்ளிக்கூடத்திலை தேவாரம் சொல்லிக்குடுக்கிறது என்றியெத் ரீச்சர் எண்டால் ஊர் என்னைக் கொண்டுபோடும். ஒண்டு செய்யுங்கோ. சத்தியக் கடுதாசி முடிச்சு ஒரு அம்மன் பேராய் மாத்துங்கோ. அந்த இடத்தைத் தை வரைக்கும் நான் பிடிச்சு வைக்கிறன்.”

எழும்ப முன்னமே இரண்டு பேருமாக ஓர் அம்மன் பெயரைப் பேசி வைத்துவிட்டார்கள்.

வீட்டுக்கு வந்து அப்பா இதைச் சொன்னதுதான் தாமதம், அம்மா குசினியிலிருந்து அகப்பையோடு வெளியே வந்தார்.

“பேரிலை கை வைச்சியள் எண்டால் நான் இந்த வீட்டிலை இருக்கமாட்டன்.”

கதை அதோடு முடிந்தது. அப்பா வயலுக்குப் போய்விட்டார். எனக்கு அம்மாவில் வந்த கோபத்துக்கு அளவில்லை. இரண்டு நாள் சோறு வேண்டாம் என்று கிடந்தேன்.

மூன்றாம் நாள் மிசன் பள்ளிக்கூடத்திலிருந்து கடிதம் வந்தது. உடனே நேரில் வரச் சொல்லி. எவ்வளவு மரியாதையான கடிதம்! கேள்வி இல்லை, சந்தேகம் இல்லை. பெயரைப் பார்த்த உடனே அழைத்திருக்கிறார்கள். அந்தப் பெயரால் என் வாழ்க்கையில் கிடைத்த முதல் நன்மை அது. துள்ளிக் குதித்தேன்.

அம்மாவும் நானும் காலைப் பஸ்ஸில் முல்லைத்தீவுக்குப் போனோம். புதுக்குடியிருப்புத் தாண்டியதும் நான் யன்னல் பக்கம் திரும்பி, லேஞ்சியால் நெற்றிப் பொட்டைத் துடைத்துவிட்டேன். அம்மா பார்க்கவில்லை என்று நினைத்தேன். இறங்கும்போது, “பொட்டை அழிச்சவைக்கு உத்தியோகம் குடுக்கினம் எண்டு கடிதத்திலை எழுதியிருந்ததோ?” என்று மட்டும் கேட்டார். எனக்கு முகம் சுருங்கிவிட்டது. ஆனால் திரும்ப வைக்கவில்லை. அவ்வளவுக்கு அந்த வேலை எனக்கு வேண்டியிருந்தது.

மனேச்சர் ஒரு வயதான பிரெஞ்சுச் சுவாமியார். நாற்பது வருடம் இங்கே இருந்தவர். பேசுகிற தமிழ் அச்சடித்த புத்தகத் தமிழ். அம்மா வெளியே மர வாங்கில் இருக்க, நான் மட்டும் உள்ளே போனேன்.

“அமரும் மகளே. உமது ஞானஸ்நானச் சான்று எங்கே?”

ஞானஸ்நானம் பெற்றால்தானே சான்று! பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் யோசித்தது உண்மை. வீட்டில் விட்டுவிட்டு வந்தேன் என்று சொன்னால் ஒரு கிழமை கிடைக்கும். பிறகு? வாயைத் திறந்தேன், உண்மைதான் வந்தது. நாங்கள் சைவம், சுவாமி, இது நேர்த்திக்கு வைத்த பெயர் என்று சொல்லிவிட்டேன்.

அவர் கண்ணாடியைக் கழற்றினார். “யாருக்கு வைத்த நேர்த்தி?”

மருந்துச்சாலையில் இருந்த சிஸ்ரரைப் பற்றிச் சொன்னேன். அவர் என் பெயரை ஒருமுறை சொல்லிப் பார்த்தார். ஆன்றியெத். முதல் எழுத்தை மூக்கால், மிக மெல்லிதாக. என் பெயரை அதன் சொந்த ஊர்க்காரர் ஒருவர் சொல்லிக் கேட்டது அன்றைக்குத்தான். எனக்கென்னவோ எங்கள் என்றியெத்தே பிடித்திருந்தது.

“மகளே, மடத்தில் அவருக்கு அந்தப் பெயர் இல்லை,” என்றார். “அது அவர் வீட்டில் இட்ட பெயர். இருபது வயதில் மடம் புகுந்தபோது அதைக் களைந்துவிட்டு, புனிதர் ஒருவரின் பெயரைக் கொடுத்தார்கள். இந்த நாட்டில் அவரை ஆன்றியெத் என்று அழைத்தவர் ஒருவரும் இல்லை. அவர் இறந்த செய்தியை வீட்டாருக்கு எழுதியவன் நான். ஆகையால் நான் மட்டும் அறிவேன்.”

அதன் பொருள் என்ன, சுவாமி என்று கேட்டேன். அத்தனை வருடம் சுமந்த பெயருக்குப் பொருள் தெரியாமல் இருந்தேன்.

மனிதருக்கு உற்சாகம் வந்துவிட்டது. பழைய ஜெர்மானிய மொழியில் வீடு என்ற சொல்லையும் ஆள்பவன் என்ற சொல்லையும் சேர்த்து ஓர் ஆண்பிள்ளைப் பெயர் இருந்ததாம். அது பிரான்சுக்கு வந்து ஆன்றி ஆயிற்றாம். அரசர்கள் பலர் அந்தப் பெயரை வைத்துக்கொண்டார்களாம். பெண்பிள்ளைக்கு வைப்பதற்காக அதிலே செல்லமாக ஒரு சின்ன வாலை ஒட்டினார்களாம். அப்படி ஆன்றியெத். பிறகு ஒரு பிரெஞ்சு இளவரசி இங்கிலாந்து ராசாவைக் கட்டிக்கொண்டு போனபோது பெயரும் கூடவே கப்பல் ஏறியதாம். அந்த ராசாவின் தலையைப் பிறகு சனங்கள் வெட்டிப்போட்டார்களாம். நல்ல இராசியான பெயர்தான் என்று நினைத்துக்கொண்டேன். ஒரு காலத்தில் பிரான்சில் தெருவுக்கொரு ஆன்றியெத் இருந்தாராம். இப்போது கிழவிகள்தான் அந்தப் பெயரில் இருக்கிறார்களாம், பிள்ளைகளுக்கு எவரும் வைப்பதில்லையாம்.

“உங்கள் மொழியில் சொன்னால், இல்லத்தரசி,” என்று முடித்தார்.

எனக்குப் பத்திக்கொண்டு வந்தது.

“வீட்டை ஆளவோ சுவாமி நான் இவ்வளவு படிச்சனான்?” என்று கேட்டேவிட்டேன்.

அவர் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு வேலையைப் பற்றிப் பேசினார். அங்கே படிப்பிக்கிறவர் ஞானோபதேசமும் சொல்லிக்கொடுக்க வேண்டும். அது விதி. அவரால் மாற்ற முடியாது. நான் மூன்று மாதம் வேதம் படித்து ஞானஸ்நானம் பெற்றால் இடம் எனக்குத்தான். பெயர்கூட மாற்ற வேண்டியதில்லை. அவசரம் இல்லை, தாயாரோடு கலந்து பேசி வாரும் என்றார்.

உண்மையைச் சொல்கிறேன். எனக்கு ஓம் என்று சொல்ல ஆசையாக இருந்தது. பக்தியால் இல்லை, கரும்பலகைக்காக. வெளியே வந்து அம்மாவிடம் சொன்னேன். சிஸ்ரரின் மடத்துப் பெயர் வேறு என்பதை மட்டும் சொல்லவில்லை. ஏன் என்று தெரியாது.

அம்மா சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார். “பேர் தந்தவா என்னட்டைச் சமயம் கேக்கேல்லை. நான் செத்துக்கொண்டு கிடந்தனான். அப்ப கேட்டிருந்தால் குடுத்திருப்பன். அவா கேக்கேல்லை. இவர் ஆர் இப்ப கேக்க?”

நான் திரும்பிப் போய் மாட்டேன் என்றேன். சுவாமியாருக்குக் கோபம் இல்லை. பஸ்ஸுக்கு நேரமாகும் வரை எங்களை இருக்கச் சொல்லிச் சோடா வரவழைத்துத் தந்தார். நாங்கள் வெளிக்கிட்டபோது, கடற்கரைப் பக்கச் சேமக்காலையில் மூன்றாம் வரிசையில் அந்தச் சிஸ்ரரை அடக்கம் செய்திருப்பதாகச் சொல்லி, அவர் பிறந்த ஊரையும் இறந்த வருடத்தையும் சொன்னார்.

தைக்கு ஒரு மாதம் இருந்தது. இனி இருந்தது ஒரே வழி. நான் அம்மாவுக்கு முன்னால் போய் நின்றேன்.

“அம்மா, நான் பேரை மாத்தப்போறன்.”

அம்மா அரிசி புடைத்துக்கொண்டிருந்தார். சுளகு நின்றது. “உனக்கு முன்னாலை ரெண்டு போனது தெரியுமோ?”

“தெரியும்.”

“குடுத்த வாக்கை எடுத்தால் அவா உன்னை எடுத்துப்போடுவா.”

“செத்துப்போன மனிசி வந்து எடுக்கிறாவோ?” என்றார் அங்கே நின்ற அப்பா. அம்மா அவரைப் பார்த்த பார்வையில் அவர் மாட்டுக்குத் தண்ணீர் வைக்கப் போய்விட்டார்.

“பேர் என்ரை, அம்மா,” என்றேன். “பள்ளிக்கூடத்திலை சிரிப்பு வாங்கினதும் நான்தான். உத்தியோகம் இல்லாமல் புகையிலைத் தோட்டத்துக்குப் போகப்போறதும் நான்தான். நீங்கள் வைச்ச நேர்த்திக்கு நான் எத்தினை வருசம் கட்டுறது?”

சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டேன். அம்மா மறுபடி சுளகை எடுத்தார். மூன்று நாள் என்னோடு பேச்சில்லை. சமைத்தார், சோறு போட்டார், பேசவில்லை. இரண்டாம் நாள் நான் அழுதேன். நான்காம் நாள் காலையில் முழுகி, வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு வந்து என் முன்னால் நின்றார். கையில் பை. பைக்குள் தேங்காய், வெற்றிலை பாக்கு, ஒரு சீப்பு வாழைப்பழம், கற்பூரம்.

“வெளிக்கிடு. வாங்கினதைச் சொல்லாமல் கொள்ளாமல் எறிய ஏலாது. கொண்டுபோய்த் திருப்பிக் குடுத்திட்டு வருவம்.”

எங்களுடைய பெண்கள் சுடலைப் பக்கம் போவதில்லை. பெற்ற தகப்பன் செத்தால்கூட வாசலோடு நின்றுவிடுவார்கள். தன் இரண்டு பிள்ளைகளையும் எங்கே தாட்டார்கள் என்று அம்மாவுக்கே தெரியாது. அந்த அம்மா எனக்கு முன்னால் படலையைத் திறந்துகொண்டு சேமக்காலைக்குள் போனார். கடல் காற்றுக்கு மணல் சிலுவைகளின் கால்வரைக்கும் ஏறிக் கிடந்தது.

பையைக் கண்டதும் காவல்காரர் ஓடிவந்தார். “இஞ்சை தேங்காய் உடைக்கக் கூடாது! கற்பூரமும் கொளுத்தக் கூடாது!”

“உடைக்கேல்லை தம்பி. வைக்கிறன்.”

“ஆரின்ரை ஆக்கள் நீங்கள்?”

“உள்ளை படுத்திருக்கிறவாவின்ரை ஆக்கள்,” என்றார் அம்மா. அந்த மனிதர் எங்கள் இருவரையும் மேலும் கீழும் பார்த்தார். பிறகு போய் ஒரு பாதி மெழுகுதிரி கொண்டுவந்து தந்துவிட்டு ஒதுங்கி நின்றார்.

மூன்றாம் வரிசையில் ஒரே மாதிரி ஆறேழு கல். சிஸ்ரர்மார் எல்லோரும் பக்கத்தில் பக்கத்தில். சுவாமியார் சொன்ன ஊர்ப் பெயரையும் இறந்த வருடத்தையும் வைத்து அந்தக் கல்லைக் கண்டுபிடித்தேன். அதில் மடத்துப் பெயர் நீளமாக வெட்டியிருந்தது. என் பெயர் அதில் இல்லை.

“இதுதானோ?” என்றார் அம்மா. “வடிவாய்ப் பார். வேறை ஆரின்ரையும் காலடியிலை குடுத்தால் சேராது. என்ன எழுதியிருக்கு? வாசி.”

அம்மாவுக்கு வாசிக்கத் தெரியாது. நான் கல்லைப் பார்த்துக்கொண்டு நின்றேன். கல்லில் இருந்ததை வாசித்திருந்தால் அம்மா பையையும் தூக்கிக்கொண்டு வரிசை வரிசையாக அந்தச் சேமக்காலை முழுவதும் தேடியிருப்பார். அப்படி ஒரு கல் அங்கே எங்குமே இல்லை.

“என்றியெத்,” என்று வாசித்தேன்.

அம்மா முழங்காலில் இருந்து மணலைக் கையால் ஒதுக்கினார். தேங்காயை வைத்தார். வெற்றிலையை விரித்துப் பழத்தை அதன்மேல் வைத்தார். மெழுகுதிரி காற்றுக்கு நிற்கவில்லை. இரண்டு கையாலும் மறைத்துப் பிடித்துக்கொண்டார்.

“தாயே, உங்கடை பேரைக் கொண்டந்திட்டன். பழுதாக்கேல்லை. நல்லாய்த்தான் வைச்சிருந்தவள். பிள்ளையை மட்டும் எனக்கு விட்டிடுங்கோ.”

அதன்பிறகு வாய்க்குள் ஏதோ சொன்னார். எனக்குக் கேட்கவில்லை. எழும்பி மணலைத் தட்டிவிட்டு, திரும்பிப் பாராமல் படலைப் பக்கம் நடந்தார். நான் கல்லடியிலேயே நின்றேன். படலையில் நின்றுகொண்டு அம்மா யாரையோ பெயர் சொல்லிக் கூப்பிட்டார். காவல்காரரின் பெண்சாதியாக இருக்கும் என்று நினைத்தேன். இரண்டாவது முறையும் கூப்பிட்டார். அப்பாவும் மனேச்சரும் பேசி வைத்த அந்த அம்மன் பெயர். மூன்றாவது முறை கூப்பிட்டபோதுதான் அது நான் என்று எனக்கு விளங்கியது.